‘அபா’ ஊரில் ஒரு ‘எபா’

ஸ்வீடன் நாட்டுப் பாட்டு என்றதும் உலகத்துக்கு ஞாபகம் வருவது ஒரே பெயர்தான். ‘அபா’. இரண்டு ஆண்கள், இரண்டு பெண்கள், பளபளக்கும் உடை, ஒரு தடவை கேட்டால் நாள் முழுக்க வாயில் ஒட்டிக்கொள்ளும் மெட்டு. 1974-ல் யூரோவிஷன் பாட்டுப் போட்டியில் ஜெயித்தார்கள். அதன்பிறகு அவர்களுக்குத் திரும்பிப் பார்க்க நேரமே இல்லை.

அதே 1970-களில், அதே ஸ்டாக்ஹோம் நகரத்தில் இன்னொரு குழுவும் கிளம்பியது. பெயர் ‘எபா க்ரோன்’. பளபளப்பு கிடையாது. காதுக்கு இதம் கிடையாது. உலகத்துக்குப் புரிய வேண்டும் என்று ஆங்கிலத்தில் பாடவும் இல்லை. மொத்த ஆயுளே ஆறு வருடம்தான். 1977-ல் பிறந்தது. 1983-ல் கலைந்தது. ஆனால், ஸ்வீடனில் பங்க் ராக் என்று பேச்செடுத்தால் இன்றைக்கும் முதலில் வந்து விழும் பெயர் அதுதான்.

ஆறு வருடத்தில் அப்படி என்ன செய்துவிட்டார்கள்? அதைத் தெரிந்துகொள்ள ஸ்டாக்ஹோமின் சுரங்க ரயிலில் ஏறித் தெற்கே போக வேண்டும்.

எல்லாம் இருந்தது, ஓர் இடத்தைத் தவிர

நகரத்துக்குத் தெற்கே இருக்கும் புறநகர், ரோக்ஸ்வேட். 1950-களில் வீட்டுப் பற்றாக்குறையைச் சமாளிக்க ஸ்டாக்ஹோம் கட்டிய குடியிருப்புகளில் ஒன்று. ரயில் நிலையம், அதைச் சுற்றிக் கடைகள், அதைச் சுற்றி வரிசை வரிசையாக அடுக்குமாடி வீடுகள். தொழிலாளர் குடும்பங்களுக்குக் குளிர் தாங்கும் சுவரும், குழாயில் வெந்நீரும், வேலைக்குப் போக ரயிலும் கிடைத்தன. அந்த வீடுகளுக்குக் குடிவந்த பெற்றோருக்கு அது பெரிய முன்னேற்றம்.

அங்கே வளர்ந்த பிள்ளைகளின் கணக்கு வேறு. அவர்கள் பிறக்கும்போதே சுவரும் வெந்நீரும் இருந்தன. இல்லாதது, சாயங்காலம் ஆறு மணிக்கு மேல் போய் உட்கார ஓர் இடம். வெப்பமான நாட்டில் இளவட்டங்களுக்குத் தெருமுனை போதும். ஒரு டீக்கடை பெஞ்சு போதும். ஸ்வீடனின் குளிர்காலத்தில் மதியம் மூன்று மணிக்கே இருட்டிவிடும். வெளியே நின்று கதை பேச முடியாது. அங்கே ‘கூடுவதற்கு ஓர் அறை’ என்பது ஆடம்பரம் இல்லை, அடிப்படைத் தேவை.

இந்தத் தென் புறநகர்ப் பகுதியில் வளர்ந்தவர்தான் யோவாகிம் டோஸ்ட்ரம். 1957-ல் பிறந்தவர். 1977-ல் அவருக்கு வயது 20. அவர் பாட்டும் கிடாரும். நண்பர் லென்னார்ட் எரிக்சன் பேஸ் கிடார். ‘ஃபியோடோர்’ என்று ரஷ்யப் பெயரில் அழைப்பார்கள். டிரம்ஸ் குன்னார் யுங்ஸ்டெட். செல்லப் பெயர் ‘குர்ரா’. மூன்றே பேர். குழு ரெடி.

மூன்று கார்டு போதும்

அந்த வருடம் இங்கிலாந்திலிருந்து ஒரு சூறாவளி கிளம்பியிருந்தது. பங்க். ‘உருப்படாத பயல்’ என்று திட்டுவதற்கு ஆங்கிலத்தில் இருந்த வார்த்தை அது. அதையே எடுத்து நெஞ்சில் குத்திக்கொண்டார்கள் அந்த ஊர்ப் பையன்கள்.

அதற்கு முன்னால் ராக் இசை மெல்ல மெல்லப் பெரிய மனிதர்கள் விவகாரம் ஆகியிருந்தது. இருபது நிமிடப் பாட்டு, லாரி நிறைய சாமான், வருடக்கணக்கில் பயிற்சி. பங்க் அதைப் போட்டு உடைத்தது. கிடாரில் மூன்று கார்டு பிடிக்கத் தெரிந்தால் போதும். பாட்டு இரண்டு, மூன்று நிமிடத்தில் முடிந்துவிட வேண்டும். குரல் நன்றாக இல்லையா? பரவாயில்லை, சொல்வதற்கு விஷயம் இருக்கிறதா? மேடைக்கு ஏறு.

1977 ஜூலையில், லண்டனின் ‘செக்ஸ் பிஸ்டல்ஸ்’ குழு ஸ்வீடனுக்கு வந்து ஊர் ஊராக வாசித்தது. அவர்களைப் பார்க்க வந்த பையன்களுக்கு ஸ்வீடனிலேயே எதிரிகளும் இருந்தார்கள். பழைய அமெரிக்கக் கார்களை வாங்கிப் பாலிஷ் போட்டுக்கொண்டு, பழைய ராக் அண்ட் ரோல் கேட்டுக்கொண்டு சுற்றும் ‘ரகாரே’ கூட்டம். தலைமுடியைக் கன்னாபின்னாவென்று வெட்டி, சட்டையில் சேஃப்டி பின் குத்திய பையனைக் கண்டால் அவர்களுக்கு ஆகாது. பங்க் பையன்கள் அடி வாங்கியது நிறைய. பிடித்த இசையைக் கேட்கப் போவதற்கே கொஞ்சம் துணிச்சல் வேண்டியிருந்த காலம்.

போலீஸ் வைத்த பெயர்

‘எபா’ என்பது ஸ்வீடனில் ஒரு பெண்ணின் பெயர். ‘க்ரோன்’ என்றால் பச்சை. கேட்பதற்கு ஏதோ பக்கத்து வீட்டு அக்கா பெயர் மாதிரி இருக்கும். அதற்குப் பின்னால் இருக்கும் கதை அவ்வளவு சாது இல்லை.

1975 ஏப்ரலில் ஸ்டாக்ஹோமில் இருந்த மேற்கு ஜெர்மனி தூதரகத்தை அந்த நாட்டுத் தீவிரவாதக் கும்பல் ஒன்று கைப்பற்றியது. உயிர்கள் போயின. பிடிபட்டவர்களை ஸ்வீடன் அரசு ஜெர்மனிக்கே திருப்பி அனுப்பியது. அந்த முடிவில் சம்பந்தப்பட்ட அமைச்சர் அன்னா கிரேட்டா லையோன் என்ற பெண்மணி. அதற்குப் பழிவாங்க, நோர்பர்ட் க்ரோஹர் என்ற ஜெர்மன்காரரின் தலைமையில் ஒரு கூட்டம் அவரைக் கடத்தத் திட்டம் போட்டது. 1977 வசந்த காலத்தில் ஸ்வீடன் போலீஸ் அவர்களை வளைத்துப் பிடித்தது. அந்த வேட்டையின்போது போலீஸ் வயர்லெஸ்ஸில் ஒலித்த சங்கேத வார்த்தைதான், ‘எபா க்ரோன்’.

நாட்டையே உலுக்கிய ஒரு விவகாரத்தின் ரகசிய வார்த்தையைப் பிடுங்கித் தங்கள் குழுவுக்குச் சூட்டிக்கொண்டார்கள் இந்தப் பையன்கள். பெரியவர்களுக்குக் கோபம் வர வேண்டும் என்றே வைத்த பெயர். பாட்டுகளும் அப்படித்தான். போலீஸையும் அரச குடும்பத்தையும் விட்டுவைக்கவில்லை. சில வரிகள் இன்றைக்குக் கேட்டாலும் முகம் சுளிக்க வைக்கும். இருபது வயதுக் கோபத்தில் எல்லாமே நியாயமாக இருக்கும் என்று சொல்வதற்கில்லை. அந்தக் கோபத்துக்கு அடியில் என்ன இருந்தது என்பதுதான் கவனிக்க வேண்டியது.

வீட்டுப் பேச்சில் பாட்டு

எபா க்ரோன் எடுத்த முக்கியமான முடிவு, தாய்மொழியில் பாடுவது. ‘அபா’ உலகத்தைப் பிடித்தது ஆங்கிலத்தில். ஸ்வீடனின் பங்க் குழுக்களிலேயே சிலர், லண்டன் பையன்களைப் போல ஆங்கிலத்தில் முயன்று பார்த்தார்கள். ரோக்ஸ்வேட் பையன்களோ, ரயில் நிலைய வாசலில் என்ன பேசினார்களோ அதே ஸ்வீடிஷ் மொழியில் பாடினார்கள்.

இதில் அவர்களுக்கு முன்னோடிகள் உண்டு. 1970-களின் தொடக்கத்தில் ஸ்வீடனில் ‘ப்ரோக்’ என்று ஓர் இசை இயக்கம் நடந்தது. கல்லூரி படித்த இடதுசாரி இளைஞர்கள், பெரிய கம்பெனிகளை நம்பாமல் தாங்களே இசைத்தட்டுப் போட்டு, தாய்மொழியில் அரசியல் பாடினார்கள். ‘அபா’வின் பளபளப்பு அவர்களுக்குப் பிடிக்காது. 1975-ல் யூரோவிஷன் போட்டி ஸ்டாக்ஹோமில் நடந்தபோது, அதற்கு எதிராக மாற்று இசைவிழாவே நடத்தினார்கள்.

பங்க் பையன்களுக்கு அந்த அண்ணன்மார் மேலும் முழுத் திருப்தி இல்லை. ‘இவர்கள் தொழிலாளியைப் பற்றிப் பாடுகிறார்கள், நாங்கள் தொழிலாளி வீட்டுப் பிள்ளைகள்’ என்ற வித்தியாசம் இருந்தது. இருந்தாலும், அண்ணன்மார் போட்டுவைத்த பாதையில்தான் நடந்தார்கள். எபா க்ரோனின் முதல் சின்ன இசைத்தட்டு 1978-ல் வந்தது. அதன் பெயர் ‘ஆன்ட்டிராக்’. ராக்குக்கு எதிர்! அதே வருடம் அடுத்தது வந்தது. பெயர் ‘ப்ரோராக்’. ராக்குக்கு ஆதரவு! இந்தக் குறும்பும் அவர்களிடம் இருந்தது.

1979-ல் முதல் ஆல்பம், ‘மிஸ்ட்லூர்’ என்ற சின்ன சுதந்திர நிறுவனத்தின் மூலம். பாட்டுகள் ஸ்வீடிஷ், ஆல்பத்தின் பெயர் மட்டும் ஆங்கிலம். அமெரிக்காவின் ஃபிராங்க் ஸப்பா 1968-ல் ‘நாங்கள் இதில் இருப்பது பணத்துக்காக மட்டுமே’ என்ற பொருளில் ஓர் ஆல்பத்துக்குப் பெயர் வைத்திருந்தார். அதை அப்படியே எடுத்து, பணத்தை அடித்துவிட்டுப் ‘போதைக்காக மட்டுமே’ என்று மாற்றினார்கள். ஊர்ப் பெரியவர்கள் தங்களைப் பற்றி என்ன நினைக்கிறார்களோ, அதையே அட்டையில் அச்சடித்துத் திருப்பிக் கொடுத்தார்கள்.

அவர்களின் மிகப் பிரபலமான பாட்டு அடுத்த வருடம், 1980-ல் வந்தது. ‘அரசும் மூலதனமும்’ என்று அதன் தலைப்புக்குப் பொருள். அரசாங்கமும் பெரிய முதலாளிகளும் கைகோத்து நடப்பதைக் கேலி செய்யும் பாட்டு. அது அவர்கள் எழுதியதே இல்லை. ‘ப்ளோ டோகெட்’, அதாவது ‘நீல ரயில்’ என்ற ப்ரோக் குழு 1972-ல் வேறு தலைப்பில் பாடியது. அண்ணன்கள் நிதானமாகப் பாடியதைத் தம்பிகள் எடுத்து மூச்சிரைக்கப் பாடினார்கள். மூலப் பாட்டைக் கேட்டே இராத பிள்ளைகளின் வாயிலும் அது ஏறியது. அண்ணன்மாரோடு சண்டை போட்டுக்கொண்டே அவர்கள் சொத்தைக் காப்பாற்றிக் கொடுத்தவர்கள் என்று இவர்களைச் சொல்லலாம்.

பாலைவனத்தில் ஒரு சோலை

இப்போது அந்த அறை விஷயத்துக்கு வரலாம்.

ரோக்ஸ்வேட் இளைஞர்கள் தங்களுக்கென்று ஓர் இசைச் சங்கம் வைத்திருந்தார்கள். பெயர் ‘ஓவாசென்’. பாலைவனச் சோலை என்று அர்த்தம். அடுக்குமாடிகளுக்கு நடுவே, பிள்ளைகள் தாங்களே கச்சேரி வைத்துத் தாங்களே கேட்டுக்கொள்ள ஓர் இடம். எபா க்ரோனுக்கு அதுதான் தாய் வீடு.

1979-ல் அந்த இடம் கைநழுவும் நிலை வந்தது. இளைஞர்கள் மனு எழுதிக்கொண்டு வரிசையில் நிற்கவில்லை. உள்ளே புகுந்து உட்கார்ந்துகொண்டார்கள். ‘இது எங்கள் இடம், எழுந்திருக்க மாட்டோம்.’ நகரசபைக்கு அது ஒரு கட்டடம். அந்தப் பிள்ளைகளுக்கு ஊரிலேயே ‘வெளியே போ’ என்று யாரும் சொல்லாத ஒரே கூரை.

ஸ்வீடன் ஒன்றும் பிள்ளைகளைக் கவனிக்காத நாடு இல்லை. இசைப் பள்ளி உண்டு. இளைஞர் மன்றம் உண்டு. அரசு உதவி பெறும் கல்விச் சங்கங்கள், பையன்கள் நாலு பேர் சேர்ந்து ‘இசை பயில்கிறோம்’ என்றால் ஒத்திகைக்கு அறையும் கொடுக்கும். உலகில் பல நாடுகள் கனவு காணும் வசதி இது. அந்த நாட்டின் இசை இவ்வளவு செழித்ததற்கு அதுவும் ஒரு காரணம்.

ஆனால், கொடுக்கப்பட்ட அறைக்கும் சொந்த அறைக்கும் வித்தியாசம் இருக்கிறது. கொடுக்கப்பட்ட அறையில் சாவி இன்னொருவர் கையில் இருக்கும். எத்தனை மணிக்குப் பூட்ட வேண்டும், எவ்வளவு சத்தம் போடலாம் என்று சுவரில் தாள் ஒட்டியிருக்கும். ஓவாசெனில் உட்கார்ந்துகொண்டவர்கள் கேட்டது கூடுதல் வசதியை இல்லை. சாவியைத்தான்.

சிறைக்குப் போனவர்

எபா க்ரோன் வெறும் வாய்ச்சவடால் இல்லை என்று காட்டிய விஷயம் இன்னொன்று உண்டு.

அப்போது ஸ்வீடனில் ஆண்பிள்ளைகளுக்கு ராணுவப் பயிற்சி கட்டாயம். துப்பாக்கி தூக்க மனசாட்சி இடம் கொடுக்காதவர்களுக்கு மாற்று வேலை உண்டு. அதையும் சேர்த்து மறுத்தால் ஜெயில். குழுவில் ஒருவர் பயிற்சிக்கு வர மறுத்தார். சிறைக்கும் போனார். குழு பெயர் வாங்கத் தொடங்கியிருந்த நேரம். மேடையும் ரசிகர்களும் காத்திருக்கும்போது, ஒரு கையெழுத்தைப் போட்டுவிட்டுத் தப்பித்துக்கொள்ள எத்தனையோ பேருக்குத் தோன்றும். அவர் போய்விட்டு வந்தார்.

அவர் உள்ளே இருந்த இடைவெளியில் டோஸ்ட்ரம் சும்மா இருக்கவில்லை. ஸ்ட்ரூ டெர்ராரியே என்ற இசைக்கலைஞரோடு சேர்ந்து வேறொரு குழுவைத் தொடங்கினார். ஸ்ட்ரூ சாதாரண ஆள் இல்லை. தெற்கு ஸ்வீடனில் இருந்து 1978-லேயே பங்க் இசைத்தட்டுப் போட்ட முன்னோடிக் குழுவான ‘கிரிமினெல்லா யித்தாரெர்’, அதாவது ‘குற்றவாளிக் கிடார்கள்’ என்ற குழுவில் இருந்தவர். புதிய குழுவுக்கு ‘ரிம்டிம்பேரியெத்’ என்று பெயர் வைத்தார்கள். விண்வெளிப் பேரரசு!

சிறைக்குப் போனவர் திரும்பி வந்ததும் எபா க்ரோன் மீண்டும் கூடியது. இந்தத் தடவை ஸ்ட்ரூவும் உள்ளே. மூன்று பேர் நாலு பேரானார்கள். கீபோர்டு சேர்ந்தது. இசையின் நிறம் மாறத் தொடங்கியது.

காதலும் கலகமும்

1981-ல் இரண்டாவது ஆல்பம். ‘ஷார்லெக் ஓ உப்ரோர்’. தமிழில் சொன்னால் ‘காதலும் கலகமும்’. 1982-ல் மூன்றாவது. அதற்குக் குழுவின் பெயரையே வைத்தார்கள். முதல் ஆல்பத்தையும் மூன்றாவதையும் அடுத்தடுத்துக் கேட்டால் அதே ஆட்களா என்று தோன்றும். தலைதெறிக்க ஓடிய தாளம் நிதானப்பட்டிருந்தது. கத்தலுக்கு நடுவே மௌனத்துக்கும் இடம் கிடைத்திருந்தது. பையன்கள் வளர்ந்துவிட்டார்கள்.

அதே 1982-ல் யோஹான் டோன்னர் இயக்கத்தில் அவர்களைப் பற்றி ஓர் ஆவணப்படம் வந்தது. பெயர், ‘எபா தி மூவி’. ஐந்து வருடங்களுக்கு முன்னால்தான் ‘அபா தி மூவி’ என்று ஒரு படம் வந்திருந்தது. பெயரில் இருக்கும் நையாண்டியை விளக்க வேண்டியதில்லை. ஒரு எழுத்துதான் வித்தியாசம். ஒரு படம் ஆஸ்திரேலியச் சுற்றுப்பயணத்தின் கூட்டத்தைக் காட்டியது. இன்னொன்று சொந்த நாட்டுக்குள் வாகனத்தில் சாமானை ஏற்றி இறக்கும் நாலு இளைஞர்களைக் காட்டியது.

இனிமேல்தான் அறுவடைக் காலம் என்று யாரும் நினைப்பார்கள். ஆல்பம் விற்கிறது. படம் வந்துவிட்டது. நாடு முழுக்கப் பெயர் தெரிகிறது. அந்த நேரத்தில் குழுவைக் கலைத்துவிட்டார்கள். 1983-ல் எபா க்ரோன் இல்லை. வேடிக்கை என்னவென்றால், அதற்குச் சற்று முன்னால், 1982 கடைசியில்தான் ‘அபா’வும் வேலையை நிறுத்தியிருந்தது. ஒரே ஊரின் இரண்டு துருவங்கள் ஏறக்குறைய ஒரே சமயத்தில் ஓய்ந்தன.

கோபம் விற்பனைச் சரக்காக மாறும் ஒரு கட்டம் எல்லா பங்க் குழுவுக்கும் வரும். இருபது வயதில் நெஞ்சிலிருந்து வந்த கத்தலை, முப்பது வயதில் டிக்கெட் வாங்கியவர்களுக்காகத் தினம் இரவு கத்திக் காட்ட வேண்டியிருக்கும். எபா க்ரோனுக்கு அந்த நாள் வரவில்லை. அதனால்தான் அவர்கள் பாட்டுகளில் அந்த வயது அப்படியே இருக்கிறது.

கதவு எண் 209

விண்வெளிப் பேரரசில் ‘விண்வெளி’யை வெட்டிவிட்டு, ‘இம்பேரியெத்’ என்ற பெயரில் அடுத்த பயணம் கிளம்பினார் டோஸ்ட்ரம். 1988 வரை நடந்த அந்தக் குழுவும் ஸ்வீடனில் பெரிய பெயர் எடுத்தது. பிறகு அவர் ஆங்கிலத்திலும் பாடிப் பார்த்தார், சொந்த நாட்டைவிட்டு வெளியிலும் வாழ்ந்து பார்த்தார். கடைசியில் தனிப் பாடகராகத் தாய்மொழிக்கே திரும்பினார்.

2005-ல் அவர் வெளியிட்ட ஓர் ஆல்பத்தின் பெயர், ‘ஷேபுக்வார்ன்ஸ்வேகன் 209’. கவித்துவமான தலைப்பு ஏதோ என்று நினைத்துவிட வேண்டாம். அது ஒரு விலாசம். ஸ்டாக்ஹோமின் தென் புறநகரில் இருக்கும் ஒரு தெருப் பெயரும் கதவு எண்ணும். 48 வயதில், நாடறிந்த பாடகர், திரும்பிப்போய் நின்ற இடம் அந்த அடுக்குமாடித் தெரு.

அங்கிருந்து தப்பித்துப் போக வேண்டும் என்றுதான் அந்தக் காலத்தில் கிடாரைத் தூக்கியிருப்பார்கள் என்று தோன்றும். ஆனால், ஓவாசெனில் உட்கார்ந்துகொண்ட பிள்ளைகள் போக மாட்டேன் என்றுதான் சொன்னார்கள். ‘இந்த ஊரில், இந்த மொழியில், எங்களுக்கும் ஓர் இடம் வேண்டும்.’ சத்தத்தையும் சேஃப்டி பின்னையும் கெட்ட வார்த்தையையும் தள்ளிவிட்டுப் பார்த்தால், அந்த ஆறு வருடமும் அவர்கள் கேட்டது இது ஒன்றைத்தான்.

எந்த வீட்டிலும் ஒரு பிள்ளை அறைக்கதவைச் சாத்திக்கொண்டு சத்தமாகப் பாட்டு வைக்கும் காலம் வரும். ‘என்ன இரைச்சல் இது, குறைத்து வை’ என்று குரல் கொடுப்பது பெற்றவர்கள் வழக்கம். குறைக்கச் சொல்வதில் தப்பில்லை, பக்கத்து வீட்டுக்காரருக்கும் காது இருக்கிறது. ஆனால், சொல்லிவிட்டுக் கதவைத் தட்டி, ‘என்ன பாட்டு இது?’ என்றும் ஒரு வார்த்தை கேட்டு வைக்கலாம். பதில் சொல்ல அந்தப் பிள்ளையிடம் நிறைய இருக்கும்.